மூச்சுப் பை பிடித்தவர்

வண்டி நின்றபோது அதில் இருந்தவர்களை முதலில் சொல்லிவிடுகிறேன்.

செட்டியார். ஸ்ட்ரெச்சரில் படுத்திருந்தார். வாயில் குழாய். மதுரையில் பதினோரு நாள் மிஷினில் வைத்திருந்துவிட்டு, இனி வீட்டுக்குக் கொண்டுபோங்கள் என்று டாக்டர்கள் சொல்லிவிட்டார்கள்.

ஆச்சி. அவர் மனைவி. பக்கவாட்டுப் பலகையில் உட்கார்ந்து செட்டியாரின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

மகன். சென்னையில் உத்தியோகம். முன் சீட்டில் என் பக்கத்தில். கையில் போன்.

பாய். தலைமாட்டில். செட்டியாரின் வாய்க்குழாய் முனையில் ஒரு ரப்பர் பை இருந்தது. பாய் அதைக் கையால் அமுக்கினால் செட்டியாருக்கு மூச்சு. அமுக்காவிட்டால் இல்லை.

நான். டிரைவர்.

பாயைப் பற்றித்தான் சொல்ல வந்தேன்.

என் வண்டியில் நாலு வருடம் வந்தார். அவருக்குப் பெயர் இருந்தது. யாரும் அதைச் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. காரைக்குடிக்காரர். சவூதியில் ஓர் ஆஸ்பத்திரியில் ஒன்பது வருடம் வேலை பார்த்துவிட்டுத் திரும்பியவர். குட்டையான ஆள். வலது முன்கை மட்டும் இடது கையைவிடப் பருத்திருக்கும். பை அமுக்கி அமுக்கி அப்படி ஆனது.

என் வண்டி ஒரு பழைய ஏழு சீட்டுக் கார். பின் சீட்டுகளைக் கழற்றிவிட்டு ஸ்ட்ரெச்சர் வைத்தது. மதுரை ஆஸ்பத்திரிகளில் கைவிட்டவர்களை ஊருக்குக் கொண்டுவருவதுதான் வேலை. எங்கள் பக்கம் நிறைய வீடுகளில் ஒரு வழக்கம் உண்டு. உயிர் வீட்டுக்குள் போக வேண்டும். வெளியில் போன உயிரென்றால் உடம்பை நிலைப்படி தாண்டி உள்ளே கொண்டுபோக மாட்டார்கள். தெருவில் பந்தல் போட்டு, அங்கேயே வைத்து, அங்கிருந்தே எடுத்துவிடுவார்கள். சொந்த வீட்டுக்கு முன்னால் தெருவில் கிடப்பது யாருக்கும் பொறுக்காது. அதனால் வீடு வரை மூச்சு இருக்க வேண்டும். உள்ளே கொண்டுபோய்க் குழாயை எடுத்தால் சரி. அந்த மூச்சுக்குத்தான் பாய்.

கை அமுக்கும். வாய் பேசும். படுத்திருப்பவரிடம்தான் பேச்சு.

"ஐயா, மேலூர் வந்துருச்சு. வெயிலு கொளுத்துது. ரோட்டுல ஒரு கல்யாண வண்டி போகுது, வாழமரம் கட்டியிருக்காக."

எல்லோரிடமும் இப்படித்தான். ஆணென்றால் ஐயா. பெண்ணென்றால் அம்மா. ஆட்டுக்காரராக இருந்தாலும் ஐயாதான்.

ஒருமுறை சிங்கப்பூரிலிருந்து வந்த ஒருத்தர் எரிச்சல்பட்டார். "நெனவே இல்லாத ஆளுகிட்ட என்னங்க பேச்சு?"

"கைக்குத்தான் வேலை குடுத்திருக்கீக. வாயி சும்மாதானே இருக்கு" என்றார் பாய்.

பேசுவது ஒன்று. இன்னொன்று, அதில் பொய் கலக்க மாட்டார். காளையார்கோவில் அம்மாள் ஒருத்தியைக் கொண்டுபோனோம். மகள் கூட வந்தது. அழுது அழுது அதற்குக் குரல் இல்லை.

"வீடு வந்துருச்சுன்னு சொல்லுங்க பாய். எங்கம்மா தவிக்குது."

"இன்னும் பதினாலு கிலோமீட்டர் இருக்குத்தா."

"ஒரு பொய் சொன்னா என்ன கொறஞ்சா போவீக?"

"தெரியாத ஊருல உங்க வீடுதான்னு சொல்லி உங்களை எறக்கிவிட்டா சும்மா இருப்பீகளா?"

அந்தப் பெண் இறங்கினபோது எனக்கு மட்டும் காப்பி கொடுத்தது.

நாங்கள் சாப்பிடுகிற மெஸ்ஸிலும் அப்படித்தான். "வடை எப்படி இருக்கு பாய்?" என்று மெஸ்காரம்மா கேட்கும்.

"நேத்து வடை."

"மெல்லச் சொல்லுங்க பாய், ஆளுக இருக்காக."

"நேத்து மெல்லத்தானே சொன்னேன். நீங்க கேக்கலையே."

சிரிப்பதா கோபப்படுவதா என்று அந்த அம்மாவுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது.

என் மகளுக்கு ஓர் இடம் வந்தது. மாப்பிள்ளை வீட்டார் வண்டி ஸ்டாண்டுக்கு வந்து விசாரித்திருக்கிறார்கள். நான் சவாரியில் இருந்தேன். பாய் சொல்லியிருக்கிறார்: "தங்கமான பொண்ணு. நல்லா சமைக்கும். இடது காது கேக்காது." அதோடு போனவர்கள்தான். நான் பாயோடு இரண்டு மாதம் பேசவில்லை. ஒரே வண்டியில் போவோம், வருவோம். அவர் பேசுவார். "டிரைவரே, முன்னால வேகத்தடை." நான் பதில் சொல்ல மாட்டேன்.

கடைசியில் ஒரு நாள் கேட்டுவிட்டேன். "உங்க மகளா இருந்தா சொல்லியிருப்பீகளா?"

"சொல்லியிருக்கேன். அதான் வீட்டுல இருக்கு."

அவர் மகளுக்கு என்ன குறை என்று நான் கேட்கவில்லை. அதற்குப் பிறகு பேச ஆரம்பித்தேன்.

உயிர் போனால் பாய் அந்த நொடியே கையை எடுத்துவிடுவார். மணியைப் பார்ப்பார். சத்தமாகச் சொல்வார். "போயிட்டாக. மணி பதினொண்ணு பத்து." சிங்கம்புணரிக்கு ஒருத்தரைக் கொண்டுபோனபோது ஊருக்கு இரண்டு கிலோமீட்டர் இருக்கையில் இது நடந்தது. தம்பிகள் மூன்று பேர் வண்டியில் இருந்தார்கள். பாயின் சட்டையைப் பிடித்துவிட்டார்கள்.

"அமுக்கிக்கிட்டே வாய்யா. வீட்டுக்குள்ள போயி விட்டுக்கலாம். யாருக்குத் தெரியப்போகுது?"

"இல்லாத மூச்சைக் குடுக்க நான் யாரு?"

சட்டை கிழிந்தது. பாய் கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தெருவில்தான் பந்தல் போட்டார்கள். மழை பிடித்துக்கொண்டது. நாலு பேர் தார்ப்பாயை நாலு மூலையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றதைப் பார்த்துவிட்டுத்தான் திரும்பினோம். வழியில் பாய் ஒன்றும் பேசவில்லை. திரும்புகிற வண்டியில் பேச ஆளில்லையே என்று நினைத்துக்கொண்டேன்.

இப்போது வண்டிக்கு வருகிறேன்.

செட்டியாரைக் கொண்டுவந்தது ஒரு திங்கட்கிழமை. அதற்கு முந்தின வியாழக்கிழமை, ஓடிக்கொண்டிருந்த வண்டி பொசுக்கென்று அணைந்தது. ஆள் யாரும் இல்லை. நானும் பாயும்தான். அரை மணி நேரம் வேப்பமர நிழலில் நின்றோம். பிறகு சாவியைப் போட்டதும் ஒன்றும் நடக்காதது மாதிரி ஓடியது.

ஸ்டாண்டில் சொன்னேன். "பொணம் ஏறுற வண்டியப்பா. ஏறினவுக யாரோ எறங்காம உக்காந்திருக்காக" என்றார்கள். எனக்கும் அப்படித்தான் பட்டது. இத்தனை பேரை ஏற்றி இறக்கியிருக்கிறேன். ஒருத்தர் இறங்காமல் இருக்கலாம். வெள்ளிக்கிழமை முனீஸ்வரன் கோவிலுக்கு வண்டியைக் கொண்டுபோய், பூசணிக்காய் சுற்றி உடைத்து, ஸ்ட்ரெச்சர் மேல் மஞ்சள் தண்ணீர் தெளித்தேன்.

பாய் பார்த்துக்கொண்டு நின்றார். "சாமி கும்பிடுறது நல்லது டிரைவரே. அப்படியே எலக்ட்ரீசியன்கிட்டயும் காட்டிருங்க."

காட்டவில்லை. சனி ஓடியது. ஞாயிறு ஓடியது. ஓடுகிற வண்டியில் எதைக் காட்டுவது?

திங்கட்கிழமை மதியம் இரண்டு பத்து. திருப்பத்தூருக்கு ஒன்பது கிலோமீட்டர். செட்டியாரின் வீடு அதையும் தாண்டிக் கீழச்சிவல்பட்டியில். அணைந்தது. ஓரம் கட்டினேன். சாவியைத் திருப்பினால் ஸ்டார்ட்டர் சுற்றுகிறது, இன்ஜின் பிடிக்கவில்லை.

பாய் பையை அமுக்கினார். "ஐயா, வண்டி நின்னுருச்சு. திருப்பத்தூருக்கு முன்னால. ஒன்பது கிலோமீட்டர் இருக்கு."

ஆச்சி நிமிர்ந்தார். "அதை ஏன் பாய் அவுககிட்டச் சொல்றீக?"

"அவுகளுக்காகத்தானே வண்டி ஓடுது ஆச்சி. அவுகளுக்குத் தெரியணும்ல."

மகன் பெட்ரோல் இல்லையா என்றார். பாதி டேங்க் இருந்தது. வேறு வண்டிக்குப் போன் போட்டார். திருப்பத்தூரில் ஒரு வண்டி சிவகங்கை போயிருந்தது. இன்னொன்று வர ஒரு மணி நேரம் ஆகும் என்றார்கள். போகிற காரை நிறுத்தி ஏற்றலாம் என்றார். குழாயோடும் ஆக்ஸிஜன் சிலிண்டரோடும் படுத்திருக்கிறவரை எந்தக் காரில் ஏற்றுவது?

டேங்கில் இருந்து பெட்ரோலை மேலே தள்ளுகிற பம்ப்பைப் போன வருடம்தான் மாற்றியிருந்தேன். அதுதான் போய்விட்டது என்று நினைத்தேன். அடியில் படுத்து, ஜாக்கி கம்பியால் டேங்கைத் தட்டினேன். சிலசமயம் தட்டினால் பம்ப் ஓடும். தட்டினேன், சாவி போட்டேன், தட்டினேன், சாவி போட்டேன். பதினைந்து நிமிடம் அதில் போனது. தார் ரோட்டில் முதுகு வெந்தது.

"ஐயா, பம்ப்பைத் தட்டிப் பாக்குறாரு. வண்டி இன்னும் எந்திரிக்கலை" என்று மேலே பாயின் குரல் கேட்டது.

பிறகுதான் காரைக்குடி எலக்ட்ரீசியனுக்குப் போன் போட்டேன்.

"சாவி போட்டதும் டேங்கு பக்கம் ரெண்டு செகண்டு ஙொய்ன்னு ஒரு சத்தம் வரணும். வருதா?"

"தெரியலையே."

"தெரியலைன்னா? காதை வச்சுக் கேளுய்யா. அது வருதா இல்லையான்னு தெரியாம நான் இங்க இருந்து என்னத்தச் சொல்ல?"

மகனைச் சாவியில் உட்காரவைத்தேன். நான் பின்னால் குனிந்து காதை வைத்தேன். ஆச்சி முருகா முருகா என்று சொல்லிக்கொண்டிருந்தார். நிறுத்திக்கொண்டார். ஆனாலும் பை புஸ்ஸென்று சத்தம் போட்டது. இரண்டு செகண்டுச் சத்தத்தை அது மூடிவிடும். அதை நிறுத்தச் சொல்ல எனக்கு வாய் வருமா?

பாயே சொன்னார். "டிரைவரே, ஒரு தடவை அமுக்கினா அடுத்ததுக்கு நாலு செகண்டு இருக்கு. பை அடங்கினதும் நான் ம்ங்கிறேன். அப்பச் சாவியைப் போடச் சொல்லுங்க."

புஸ். அடங்கியது. "ம்."

சாவி. ஒரு சத்தமும் இல்லை. ரோட்டோரத்தில் ஏதோ பூச்சி கத்தியது.

புஸ்.

எலக்ட்ரீசியனிடம் சொன்னேன். பம்ப்புக்குக் கரண்டு போகவில்லை என்றார். பியூஸைப் பார்க்கச் சொன்னார். நன்றாக இருந்தது. "அப்ப ரிலேதான். ஸ்டேரிங்குக்குக் கீழ வரிசையா கறுப்புக் கட்டை இருக்கும், பாதித் தீப்பெட்டி அளவு. நான் சொல்றதுல விரலை வையி. சாவி போட்டா உள்ள டிக்குன்னு அடிக்கணும். அடிச்சாத்தான் பம்ப்புக்குக் கரண்டு தெறக்கும்."

சீட்டுக்கு அடியில் தலையை விட்டு விரலை வைத்தேன்.

"ம்" என்றார் பாய். மகன் சாவியைப் போட்டார். டிக் இல்லை. கட்டை சுட்டது.

"சுடுதா? செத்துருச்சு. பக்கத்துல அதே அளவுல ஹாரனோட ரிலே இருக்கும். அதைப் புடுங்கி இங்க சொருகு. ஹாரன் இல்லாம போயிக்க."

"சைரனும் அதுலதானே இருக்கு?"

"வண்டி வேணுமா, சைரன் வேணுமா?"

பிடுங்கினேன். வியர்வையில் கை வழுக்கியது. நாலு கால் நாலு ஓட்டையில் போய் உட்கார வேண்டும். கண்ணுக்குத் தெரியாத இடம். ஒரு கால் மடங்கியது. பல்லால் நிமிர்த்தி மறுபடியும் வைத்தேன்.

"ஐயா, ரிலேயாம். ஹாரனோடதை எடுத்து மாத்துறாரு. கொஞ்சம் பொறுத்துக்கங்க." பையை அமுக்கிவிட்டு, "ம்" என்றார்.

டிக். பின்னால் ஙொய் என்றது. ஸ்டார்ட் ஆனது. ஆச்சி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். வண்டி நின்று முப்பத்தெட்டு நிமிடம் ஆகியிருந்தது.

அந்தப் பழைய ரிலேயை மறுநாள் உடைத்துப் பார்த்தேன். உள்ளே மயிர் மாதிரி ஒரு கம்பி, பற்றவைத்த இடத்தில் விட்டிருந்தது. சூடானால் விலகும். ஆறினால் ஒட்டும். வியாழக்கிழமை நிழலில் ஆறித்தான் ஒட்டியிருக்கிறது. பூசணிக்காய் ஒன்றும் செய்யவில்லை. புது ரிலே வாங்கி மாட்டினேன். மாட்ட ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. அதை வெள்ளிக்கிழமையே செய்திருக்கலாம்.

திருப்பத்தூர் வரை நன்றாக வந்தோம். "ஐயா, ஆறு கிலோமீட்டர். ஐயா, மூணு." ஊருக்குள் நுழைந்ததும் நெரிசல். முன்னால் பஸ். பக்கத்தில் ஆட்டோ. ஹாரன் பட்டனை அமுக்கினால் பிளாஸ்டிக் சத்தம்தான் வருகிறது. கை பழக்கத்தில் அதையே அமுக்கிக்கொண்டிருந்தது. விளக்கைப் போட்டுப் போட்டு அணைத்தேன். அந்த வெயிலில் அது யார் கண்ணில் படும்? மகன் இடுப்பு வரை ஜன்னலுக்கு வெளியே போய்க் கதவை ஓங்கி ஓங்கி அடித்தார். அதுவரை டவுன் பேச்சு பேசிக்கொண்டிருந்தவர்.

"உள்ள உசுரு இருக்குய்யா! எங்கப்பச்சி உசுரு! அங்குட்டு ஒதுங்குங்கய்யா!"

"ஐயா, திருப்பத்தூரு பஸ் ஸ்டாண்டு. கூட்டமா இருக்கு. உங்க மகன் வழி கேட்டுக்கிட்டு இருக்காரு" என்றார் பாய்.

அதுதான் அவர் செட்டியாரிடம் கடைசியாகப் பேசியது.

பஸ் நகர்ந்தது. நான் கண்ணாடியில் பார்த்தேன். பாய் இடது கையின் இரண்டு விரலைச் செட்டியாரின் கழுத்தில் வைத்திருந்தார். எடுத்தார். இன்னொரு பக்கம் வைத்தார். எடுத்தார். செட்டியாரின் விரலில் நாடி காட்டுகிற சின்னக் கிளிப் மாட்டியிருக்கும். அதைக் கழற்றித் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

நான் வேகத்தைக் குறைத்தேன். மணி சொல்லப்போகிறார் என்று காத்திருந்தேன். கண்ணாடியில் என்னைப் பார்த்தார். போ என்பது மாதிரித் தாடையை அசைத்தார். கை பையை அமுக்கியது. நாலு செகண்டு. அமுக்கியது.

ஊர் தாண்டி இரண்டு கிலோமீட்டர் வரை யாரும் பேசவில்லை.

"என்ன பாய், பேச்சைக் காணோம்?" என்றார் ஆச்சி.

"வாயி வலிக்குது ஆச்சி."

"அவுக இருக்காகள்ல?"

பாய் ஒரு தடவை அமுக்கினார். இன்னொரு தடவை அமுக்கினார்.

"இருக்காக."

மகன் திரும்பி அப்பாவின் நெஞ்சைப் பார்த்தார். அது ஏறி இறங்கியது. "அப்பச்சி, வந்துட்டோம், வந்துட்டோம்" என்றார்.

நான் ஓட்டினேன். வேறென்ன செய்ய? நான் தொலைத்த முப்பத்தெட்டு நிமிடத்தை யாரிடம் போய்க் கேட்பது?

மறுநாள் ஸ்டாண்டில் பாயிடம் கேட்டேன். "சிங்கம்புணரில சட்டை கிழிஞ்சும் அமுக்கலையே பாய். நேத்து மட்டும் ஏன்?"

டீயை ஆற்றிக்கொண்டே சொன்னார்.

"மதுரையில வண்டி ஏறுனதும் ஆச்சிக்கு நாடி பாக்கச் சொல்லிக் குடுத்தேன் டிரைவரே. கைக்கு ஒரு வேலை இருந்தா அழுகை கொறையும்னு. அவுக விரலு அந்த நாடியிலதான் இருந்துச்சு. எனக்கு முன்னாடியே அவுகளுக்குத் தெரியும். தெரிஞ்சுதான் கேட்டாக."

டீயைக் குடிக்காமல் வைத்துவிட்டுப் போனார். அந்த வாரத்தோடு வேலைக்கு வரவில்லை. போனில் கூப்பிட்டேன், எடுக்கவில்லை. மகளைக் கூட்டிக்கொண்டு இளையான்குடிப் பக்கம் போய்விட்டார் என்றார்கள். ஆறு வருடம் ஆகிறது. இப்போது பை அமுக்க வேறொரு பையன் வருகிறான். வழி முழுக்கப் பேச மாட்டான்.

அன்றைக்குக் கீழச்சிவல்பட்டியில் வீட்டு முன்னால் ஐம்பது பேர் நின்றார்கள். "உசுரு இருக்கா?" என்று ஒரே சத்தம். மகன் இறங்கி, "இருக்கு, இருக்கு, வழி விடுங்க" என்று ஓடினார். நாலு பேர் ஸ்ட்ரெச்சரைத் தூக்கினார்கள். பாய் தலைமாட்டில் பக்கவாட்டாக நடந்துகொண்டே அமுக்கினார். ஆச்சி மணிக்கட்டை விடவில்லை. நான் பின்னால் சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு போனேன்.

படி ஏறினார்கள். நிலைவாசலில் ஸ்ட்ரெச்சர் இடித்தது. சாய்த்து உள்ளே விட்டார்கள். அங்கிருந்து நான் எண்ண ஆரம்பித்தேன். ஏன் என்று தெரியாது. முகப்பைக் கடந்து வளவு என்கிற உள்முற்றத்தில் கொண்டுபோய்த் தெற்கே தலை வைத்து இறக்கினார்கள். பெண்கள் சுற்றி உட்கார்ந்தார்கள். பேரப்பிள்ளை ஒன்று வாயில் பால் விட்டது. பால் வழிந்தது. பாய் துடைத்துவிட்டு அமுக்கினார்.

ஆச்சி பாயைப் பார்த்தார்.

"போதும் பாய்."

பாய் கையை எடுத்தார். மணியைப் பார்த்தார். சத்தமாகத்தான் சொன்னார்.

"போயிட்டாக. மணி மூணு இருபத்தஞ்சு."

நிலைப்படிக்கு உள்ளே அவர் அமுக்கியது பத்தொன்பது தடவை.